ஹைட்ரோகார்பன் என்றால் மீத்தேனா, பெட்ரோலா, வேறு ஏதாவதா? டெல்டா கற்றுக்கொண்ட ஒரு வேதியியல் சொல்!

தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம் பக்கம் 'ஹைட்ரோகார்பன்' என்ற சொல்லைக் கேள்விப்படாதவரைப் பார்ப்பது கஷ்டம். பள்ளிக்கூடத்துப் பக்கம் அதிகம் போகாத பெரியவர்கள்கூடத் தடுமாறாமல் சொல்வார்கள். பிளஸ் ஒன் வேதியியல் புத்தகத்தில் ஒரு பாடத்தின் தலைப்பாக இருந்த இந்தச் சொல், சில வருடங்களில் சுவரெழுத்து, கிராம சபைத் தீர்மானம், தேர்தல் அறிக்கை, சட்டமன்றம் என்று எல்லா இடத்துக்கும் போய்விட்டது.

ஆனால், அதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டால் பதில்கள் வேறுபடும். "மீத்தேன்தான், வேறென்ன?" என்பார் ஒருவர். "பெட்ரோல், டீசல் எடுக்குறது" என்பார் இன்னொருவர். "நிலத்தை நாசமாக்குற திட்டம்" என்று முடித்துவிடுவார் மூன்றாமவர். மூன்றிலும் கொஞ்சம் கொஞ்சம் உண்மை இருக்கிறது. எது எவ்வளவு உண்மை என்று தெரிந்துகொண்டால்தான், டெல்டா பற்றி அடுத்து வரும் செய்தியையோ அரசு அறிவிப்பையோ சரியாகப் படிக்க முடியும்.

இரண்டே தனிமங்கள்

வேதியியலில் இந்தச் சொல்லின் பொருள் ரொம்ப எளிது. ஹைட்ரஜன், கார்பன் ஆகிய இரண்டு தனிமங்கள் மட்டும் சேர்ந்து உருவான எந்தப் பொருளும் ஹைட்ரோகார்பன். மூன்றாவதாக ஒரு தனிமம் உள்ளே வந்துவிட்டால் அந்தப் பெயர் கிடையாது. இலங்கைப் பாடநூல்களில் இதையே 'ஐதரோகாபன்' என்று எழுதுகிறார்கள்.

இந்தக் குடும்பத்தில் மிகச் சிறியது மீத்தேன். ஒரு கார்பன் அணு, அதைச் சுற்றி நான்கு ஹைட்ரஜன் அணுக்கள், அவ்வளவுதான். கார்பன் அணுக்கள் கூடக் கூட வாயு திரவமாகும், திரவம் திடப்பொருளாகும். சமையல் சிலிண்டரில் இருப்பது பெரும்பாலும் புரோப்பேன், பியூட்டேன். பெட்ரோலும் மண்ணெண்ணெயும் பல ஹைட்ரோகார்பன்களின் கலவை. மெழுகுவத்தியின் மெழுகும், கடையில் தரும் பாலித்தீன் பையும்கூட இந்த வகைதான்.

எரிபொருள் மட்டும்தான் என்று நினைத்துவிட வேண்டாம். கேரட்டுக்கு நிறம் தரும் பீட்டா கரோட்டின் ஒரு ஹைட்ரோகார்பன். தக்காளியின் சிவப்புக்குக் காரணமான லைகோபீனும் அப்படித்தான். வாழைத்தார் பழுக்கும்போது காய்களிலிருந்து இயற்கையாகவே வெளிவரும் எத்திலீன் வாயுவும் ஹைட்ரோகார்பனே. பீரோவில் போடும் அந்துருண்டை நாஃப்தலீனால் செய்ததாக இருந்தால் அதுவும் ஹைட்ரோகார்பன். பார்க்க அதே மாதிரி இருக்கும் பூஜைக் கற்பூரம் கிடையாது. அதில் ஓர் ஆக்ஸிஜன் அணு இருக்கிறது!

ஆக, ஹைட்ரோகார்பன் என்ற பெயரை வைத்து மட்டும் ஒரு பொருள் நல்லதா கெட்டதா என்று சொல்ல முடியாது. கேரட்டின் நிறமியும், புற்றுநோயை உண்டாக்கும் பென்சீனும் ஒரே பெயருக்குள் அடங்குகின்றன. எந்தப் பொருள், எவ்வளவு, எங்கிருந்து, எப்படி எடுக்கப்படுகிறது என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

சோற்றுக்கும் இதற்கும் என்ன உறவு?

டெல்டாவின் பிரதான விளைபொருளான அரிசியில் இருப்பது கார்போஹைட்ரேட். பெயரைத் திருப்பிப் போட்டால் ஹைட்ரோகார்பன் மாதிரியே இருக்கும். இடையில் இருக்கும் வித்தியாசம் ஆக்ஸிஜன். கார்போஹைட்ரேட்டில் கார்பன், ஹைட்ரஜனோடு ஆக்ஸிஜனும் உண்டு. ஒன்று நமக்கு உணவு, மற்றொன்று வண்டிக்கு எரிபொருள்.

இன்னொரு விஷயமும் உண்டு. தண்ணீர் தேங்கி நிற்கும் நெல் வயலே மீத்தேனை உருவாக்குகிறது. நீருக்கடியில் காற்றுப் புகாத சேற்றில், மட்கும் பொருள்களைத் தின்று வாழும் நுண்ணுயிரிகள் அதை வெளிவிடுகின்றன. நெற்பயிரின் தண்டில் உள்ள காற்றுக் குழல்கள் வழியாக அது மேலே வந்துவிடும். வேளாண் துறை பரிந்துரைக்கும் 'காய்ச்சலும் பாய்ச்சலுமாக' நீர் கட்டும் முறை தண்ணீரை மிச்சப்படுத்துவதோடு இந்த மீத்தேனையும் குறைக்கிறது. நூறு ஆண்டுக் கணக்கில் பார்த்தால், அதே எடையுள்ள கார்பன் டை ஆக்ஸைடைவிட 25 மடங்குக்கும் மேலாகப் பூமியைச் சூடாக்கக்கூடிய வாயு இது.

வயலில் வரும் இந்த மீத்தேனுக்காக யாரும் போராடவில்லை. சண்டை, பூமிக்கு அடியில் ஆழத்தில் இருக்கும் ஹைட்ரோகார்பனைப் பற்றியது.

முதலில் வந்த பெயர் மீத்தேன்

காவிரிப் படுகையில் எண்ணெய், எரிவாயு எடுப்பது புதிதல்ல. ஓ.என்.ஜி.சி பல பத்தாண்டுகளாக இங்கே இருக்கிறது. நாகப்பட்டினம் அருகே பனங்குடியில் சுத்திகரிப்பு ஆலை 1993-ல் செயல்பாட்டுக்கு வந்தது. திருவாரூர் மாவட்டம் திருமக்கோட்டையில் எரிவாயுவில் இயங்கும் மின் நிலையம் இருக்கிறது. அப்போதெல்லாம் யாரும் 'ஹைட்ரோகார்பன்' என்று பேசவில்லை. 'ஆயில் கிணறு', 'கேஸ் கிணறு' என்றுதான் சொன்னார்கள்.

2010-ல் மன்னார்குடி வட்டாரம், நிலக்கரிப் படுகை மீத்தேன் எடுப்பதற்காக ஒரு தனியார் நிறுவனத்துக்கு ஒதுக்கப்பட்டது. தஞ்சாவூர், திருவாரூர் மாவட்டங்களில் 691 சதுர கிலோமீட்டர் அதில் அடங்கியது. 2011 ஜனவரியில் மாநில அரசுடன் புரிந்துணர்வு ஒப்பந்தம் கையெழுத்தானது.

இங்கே பயத்துக்குக் காரணம் மீத்தேனைவிட, அதை எடுக்கும் முறைதான். பூமிக்கடியில் நிலக்கரியோடு ஒட்டிக்கொண்டிருக்கும் மீத்தேன், மேலிருந்து அழுத்தும் நீரை இறைத்து வெளியேற்றினால்தான் விடுபட்டு மேலே வரும். மேட்டூர் அணை திறக்கும் தேதியைப் பார்த்து நாற்று விடுகிற ஊரில், அணை திறக்காத வருடங்களில் போர்வெல்லை நம்பி நிற்கிற ஊரில், நிலத்தடி நீரை இறைத்துவிடுவார்கள் என்றால் விவசாயி எப்படிச் சும்மா இருப்பார்?

இயற்கை வேளாண் விஞ்ஞானி நம்மாழ்வார் ஊர் ஊராகப் போய் இதைப் பேசினார். அந்தப் பிரசாரப் பயணத்தில் இருக்கும்போதே, 2013 டிசம்பர் 30-ம் தேதி பட்டுக்கோட்டை அருகே அத்திவெட்டியில் காலமானார். அதே 2013-ல் மாநில அரசு திட்டத்தை நிறுத்தி வைத்து, நிபுணர் குழு அமைத்தது. 2015-ல் நிரந்தரத் தடை வந்தது.

2017: பெயர் மட்டும் மாறியதா?

2017 பிப்ரவரி 15-ம் தேதி, நாடு முழுவதும் 31 ஒப்பந்தப் பகுதிகளில் உள்ள சிறு எண்ணெய், எரிவாயு வயல்களை ஒப்பந்தத்துக்குக் கொடுக்க மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்தது. பட்டியலில் புதுக்கோட்டை மாவட்டம் நெடுவாசலும் இருந்தது. மறுநாளே ஊர் திரண்டது. தமிழ்நாடு முழுக்க 'ஹைட்ரோகார்பன்' என்ற சொல் பரவியது அப்போதுதான்.

"மீத்தேனுக்குப் பேரை மாத்திக் கொண்டாந்துட்டாங்க" என்பது போராடியவர்களின் வாதம். "இது மீத்தேன் திட்டம் அல்ல, ஹைட்ரோகார்பன் திட்டம்" என்பது ஆதரவாளர்களின் பதில்.

வேதியியல் இருவருக்கும் பாதி மதிப்பெண் தருகிறது. மீத்தேன் ஒரு ஹைட்ரோகார்பன். இயற்கை எரிவாயுவில் பெரும்பகுதி மீத்தேன்தான். ஆகவே, 'இது ஹைட்ரோகார்பன், மீத்தேன் அல்ல' என்ற பேச்சு வேதியியல்படி நிற்காது. அதே சமயம், மணற்பாறை போன்ற நுண்துளைப் பாறையில் தேங்கியிருக்கும் எண்ணெய், வாயுவை எடுப்பதும், நிலக்கரிப் படுகையிலிருந்து நீரை இறைத்து மீத்தேன் எடுப்பதும் ஒரே வேலை அல்ல. ஷேல் பாறையை அதிக அழுத்த நீரால் உடைத்து வாயு எடுப்பது மூன்றாவது வகை. வெளியே வரும் வாயு ஒன்றாக இருக்கலாம். ஆனால், ஊருக்கும் நிலத்தடி நீருக்கும் வரும் பாதிப்பு முறைக்கு முறை மாறும்.

ஒரே உரிமத்தில் எல்லாம்

அப்படியென்றால் மக்களின் சந்தேகத்துக்கு அடிப்படையே இல்லையா? இருக்கிறது. முன்பு எண்ணெய்க்கும் இயற்கை எரிவாயுவுக்கும் ஓர் ஏற்பாடு, நிலக்கரிப் படுகை மீத்தேனுக்கு வேறு ஏற்பாடு. 2016 மார்ச்சில் மத்திய அரசு கொண்டுவந்த புதிய ஹைட்ரோகார்பன் கொள்கை இதை மாற்றியது. ஒரே உரிமம் இருந்தால் எண்ணெய், இயற்கை எரிவாயு, நிலக்கரிப் படுகை மீத்தேன், ஷேல் வாயு என எல்லாவற்றையும் தேடலாம், எடுக்கலாம். நெடுவாசல் இடம்பெற்ற சிறு வயல்கள் திட்டத்திலும் இதே ஒற்றை உரிமம்தான்.

பாடப்புத்தகத்தில் 'ஹைட்ரோகார்பன்' ஒரு வகைப்பாடு மட்டுமே. கொள்கை ஆவணத்தில் அதே சொல், இத்தனை எடுப்பு முறைகளுக்கும் சேர்த்துத் தரும் அனுமதியாகிவிடுகிறது. பெயர் மாறிவிட்டது என்று ஊர் சொன்னதில் இருந்த உண்மை இதுதான்.

நெடுவாசலில் திட்டம் நடைமுறைக்கு வரவில்லை. ஆனால், 2017 ஜூன் 30-ம் தேதி தஞ்சாவூர் மாவட்டம் கதிராமங்கலத்தில் ஓ.என்.ஜி.சி குழாயில் கசிவு ஏற்பட்டு, வயலில் கச்சா எண்ணெய் பரவியது. மறியல், தடியடி, கைது என்று அந்த ஊர் பல நாள்கள் செய்தியில் இருந்தது. சொல்லுக்கு என்ன பொருள் என்ற விவாதம், வரப்போரத்தில் கறுப்பாகக் கண்ணில் பட்ட நாள் அது.

சட்டத்தில் ஏறிய சொல்

2020 ஜனவரியில் மத்திய அரசு சுற்றுச்சூழல் விதிகளைத் திருத்தியது. எண்ணெய், எரிவாயு ஆய்வுப் பணிகளுக்கு மக்கள் கருத்துக் கேட்புக் கூட்டம் தேவையில்லை என்றானது. அடுத்த மாதமே, பிப்ரவரி 20-ம் தேதி, காவிரி டெல்டாவைப் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமாக்கும் சட்டம் தமிழ்நாடு சட்டமன்றத்தில் நிறைவேறியது. தஞ்சாவூர், திருவாரூர், அப்போதைய நாகப்பட்டினம் மாவட்டங்களோடு, கடலூர், புதுக்கோட்டை மாவட்டங்களின் சில ஒன்றியங்களும் இதில் வந்தன.

தடை செய்யப்பட்ட தொழில்களின் பட்டியலில் நமது சொல் இருக்கிறது. எண்ணெய், இயற்கை எரிவாயுவைத் தேடுவது, துளையிடுவது, எடுப்பது ஆகிய மூன்றும் தடை. நிலக்கரிப் படுகை மீத்தேன், ஷேல் வாயு, அவை போன்ற பிற ஹைட்ரோகார்பன்களுக்கும் இது பொருந்தும். பெயரை மாற்றிக்கொண்டு எதுவும் உள்ளே நுழைந்துவிடக் கூடாது என்பதற்காகப் பொதுச்சொல்லையே சட்டம் தன் பக்கம் இழுத்துக்கொண்டது. மக்களைப் பயமுறுத்திய அதே சொல், இங்கே அவர்களுக்கு வேலியாகிவிட்டது.

ஒரு வரம்பும் உண்டு. சட்டம் வருவதற்கு முன்பே இயங்கிக்கொண்டிருந்த பணிகளை அது தொடாது. அதனால்தான் பழைய கிணறுகள் இன்றும் இருக்கின்றன. ஓர் ஊருக்குள் பெரிய லாரியும் இயந்திரமும் வந்து நின்றால், 'பழைய கிணற்றுக்குப் பராமரிப்பா, புதிதாகத் துளையிடப் போகிறார்களா?' என்ற கேள்வி எழுவதும் அதனால்தான்.

செய்தியைப் படிக்கும்போது கேட்க வேண்டியவை

'டெல்டாவில் மீண்டும் ஹைட்ரோகார்பன்' என்று உங்கள் போனில் ஒரு செய்தி வந்தால், பகிர்வதற்கு முன் நான்கு விஷயங்களைத் தேடுங்கள்.

* எந்த ஹைட்ரோகார்பன்? எண்ணெயா, இயற்கை எரிவாயுவா, நிலக்கரிப் படுகை மீத்தேனா, ஷேல் வாயுவா?

* எப்படி எடுக்கப் போகிறார்கள்? நீரை இறைத்தா, பாறையை உடைத்தா, வழக்கமான கிணறு மூலமா? எண்ணெயோடு மேலே வரும் உப்பு நீரை எங்கே விடப்போகிறார்கள்?

* எந்தக் கட்டம்? ஆய்வா, உற்பத்தியா, பழைய கிணற்றின் பராமரிப்பா?

* எந்த ஊர், எந்த ஒன்றியம்? பாதுகாக்கப்பட்ட மண்டலத்துக்குள் வருகிறதா, எல்லைக்கு வெளியே இருக்கிறதா?

இந்த நான்கும் இல்லாத செய்தியை வைத்து, ஆதரிக்கவும் முடியாது, எதிர்க்கவும் முடியாது. கிராம சபையில் மனு கொடுப்பதாக இருந்தாலும், 'ஹைட்ரோகார்பன் வேண்டாம்' என்ற ஒற்றை வரியோடு இந்த நான்கு விவரங்களையும் சேர்த்து எழுதுங்கள். அதற்குக் குறிப்பாக ஒரு பதில் சொல்ல வேண்டிய பொறுப்பு அதிகாரிக்கு வந்துவிடும்.