அலுவலகக் கோப்புகள்: கதவு யாருக்குத் திறந்திருக்கிறது?

சிறிய அலுவலகங்களில் இன்றும் காணக்கூடிய காட்சி இது. கணக்காளர் விலைப்பட்டியலைத் திருத்தி, தம்ப் டிரைவில் ஏற்றி, அடுத்த மேசைக்குக் கொடுக்கிறார். அங்கே இன்னொரு திருத்தம். மாலைக்குள் மூன்று கணினிகளில் மூன்று விலைப்பட்டியல்கள். எது சரியானது என்று முதலாளி கேட்டால் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள்.

இதற்கு விடையாக வந்ததுதான் கோப்பு வழங்கி. கோப்பு ஓரிடத்தில் மட்டும் இருக்கும். மற்றக் கணினிகள் அங்கே சென்று அதைத் திறக்கும். ஒருவர் திருத்திக்கொண்டிருக்கும்போது இன்னொருவர் திறந்தால், பெரும்பாலும் படிக்க மட்டுமே முடியும். விண்டோஸ் கணினிகள் இதற்கு எஸ்எம்பி என்ற நெறிமுறையைப் பயன்படுத்துகின்றன. 1980களில் ஐபிஎம் நிறுவனத்தில் பிறந்தது அது. லினக்ஸ் போன்றவையும் இதில் சேர வழிசெய்தது, ஆஸ்திரேலியாவின் ஆண்ட்ரூ டிரிட்ஜல் தொடங்கிய சாம்பா மென்பொருள்.

இணைப்பது பெரிய வித்தையல்ல. வழங்கியின் பெயரையும் கோப்புறையின் பெயரையும் கொடுத்தால் போதும். தலைவலி, அனுமதியில்தான் தொடங்குகிறது. விண்டோஸ் வழங்கியில் இரண்டு காவலர்கள் உண்டு: பகிர்வுக்கான அனுமதி ஒன்று, கோப்புறைக்கான அனுமதி மற்றொன்று. இரண்டில் எது கடுமையானதோ அதுவே செல்லும். இது தெரியாமல் ஒன்றை மட்டும் தளர்த்திவிட்டு, "இன்னும் திறக்கவில்லையே" என்று மண்டையை உடைத்துக்கொள்பவர்கள் பலர். கடைசியில் சலித்துப்போய், எல்லாருக்கும் முழு உரிமை கொடுத்துவிடுகிறார்கள். அன்றைக்கு வேலை நடந்துவிடும். ஆனால் ஓர் ஊழியரின் கணினியில் பிணைநிரல் புகுந்தால், அவரால் எழுத முடிந்த கோப்புகள் அத்தனையையும் அது பூட்டிவிடும். வழங்கியில் உள்ள பத்தாண்டுக் கணக்கும் அதில் அடங்கும்.

2017 மே 12ஆம் தேதி பரவிய 'வான்னாகிரை' நுழைந்தது எஸ்எம்பியின் முதல் பதிப்பில் இருந்த ஓட்டை வழியாகத்தான். மைக்ரோசாஃப்ட் அதை அடைக்கும் திருத்தத்தை மார்ச் 14ஆம் தேதியே வெளியிட்டிருந்தது. பலர் அதைப் போடவில்லை. இங்கிலாந்தின் பொது மருத்துவச் சேவையில் 19,000க்கும் மேற்பட்ட சந்திப்புகள் ரத்தாகியிருக்கலாம் என்று பின்னர் மதிப்பிடப்பட்டது. சிங்கப்பூரில்கூட சில கடைத்தொகுதிகளின் தகவல் திரைகளில் பணம் கேட்கும் அறிவிப்பு தோன்றியது.

அதன்பின் விண்டோஸ் கண்டிப்பாகிவிட்டது. 2017 இறுதியில் வந்த விண்டோஸ் 10 பதிப்பிலிருந்து, புதிதாக நிறுவும்போது பழைய எஸ்எம்பி பெரும்பாலும் சேர்க்கப்படுவதில்லை. 2024இல் வந்த விண்டோஸ் 11 புரோ பதிப்பு, மறைச்சொல் இல்லாத 'விருந்தினர்' நுழைவையும் தானாக ஏற்பதில்லை. ஆகவே புதுக் கணினி வாங்கியவர், "நேற்றுவரை திறந்த சேமிப்புப் பெட்டி இன்று திறக்கவில்லை" என்று புலம்புகிறார். யாரோ சொன்னார்கள் என்று பழைய எஸ்எம்பியை மீண்டும் இயக்கிவிடுகிறார். பூட்டு போட்டவனையே திட்டிக்கொண்டு பூட்டை உடைக்கிற கதைதான்.

பெட்டியின் அமைப்புகளில் எஸ்எம்பி 2 அல்லது 3 இருக்கிறதா என்று முதலில் பார்க்கவேண்டும். தயாரிப்பாளர் தரும் புது மென்பொருளை ஏற்றி, ஒவ்வோர் ஊழியருக்கும் தனிப்பெயரும் மறைச்சொல்லும் கொடுக்கவேண்டும். கணக்குப் புத்தகத்தைக் கணக்காளர் திருத்தட்டும். விற்பனையாளர் அதைப் பார்த்தால் போதாதா? பெட்டி அவ்வளவு பழையதென்றால் மாற்றத்தான் வேண்டும். செலவுதான். அதோடு, நகல் எடுத்த வட்டு ஒன்றையாவது கணினியிலிருந்து கழற்றி அலமாரியில் வைக்கவேண்டும். செருகியபடியே இருக்கும் நகலையும் பிணைநிரல் விட்டுவைப்பதில்லை.