மாசம் எவ்வளவுங்க? கேள்விக்கே வேலை இல்லாத களரி!

கோவையில் பிள்ளைகளை எந்த வகுப்பில் சேர்க்கப் போனாலும் நாம் கேட்கும் முதல் கேள்வி, "மாசம் எவ்வளவுங்க?" கராத்தே, நீச்சல், சிலம்பம்... எதுவானாலும் அப்படித்தான். ஆனால், வாளையாறு தாண்டி, கோழிக்கோட்டுக்கும் வடக்கே வடகரையில் ஒரு களரி இருக்கிறது. அங்கே கட்டணமே கிடையாது. மாணவர்கள் விரும்பியதைக் குருதட்சிணையாகக் கொடுக்கலாம், அவ்வளவுதான்.

அந்தக் களரியின் குரு மீனாட்சி அம்மா. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு, தன்னில் பாதி வயதுகூட இல்லாத ஆணோடு கம்பு சுற்றும் பாட்டியின் வீடியோ உங்கள் செல்போனுக்கும் வந்திருக்குமே, அவரேதான்! 2017-ல் பத்மஸ்ரீ விருது பெற்றபோதே 70 வயதைக் கடந்திருந்தார்.

வீடியோவில் தெரியாத கதை ஒன்று உண்டு. அவர் கணவர் ராகவன் குருக்கள் தீயர் சமூகத்தைச் சேர்ந்தவர். சாதியைக் காரணம் காட்டி அவருக்குக் களரி கற்றுத்தர மறுத்தார்கள். வடக்கன் பாட்டுகள் கொண்டாடும் கடத்தநாட்டு வீராங்கனை உண்ணியார்ச்சையும் அதே சமூகத்தவர்தான் என்பதை நினைத்தால் கோபமே வருகிறது. மூடிய கதவின் முன் நிற்காமல், 1949-ல் 'கடத்தநாடன் களரி சங்கம்' என்று சொந்தமாக ஒன்றைத் தொடங்கினார் ராகவன். சாதி, மதம், ஆண், பெண் பேதமில்லை. கட்டணமும் இல்லை.

அங்கே ஏழு வயதுவாக்கில் அப்பாவின் கைபிடித்து வந்த சிறுமிதான் மீனாட்சி. நாட்டியத்துக்கு உடம்பு வளையட்டும் என்றுதான் சேர்த்துவிட்டார் அப்பா. பெண்கள் வயதுக்கு வந்ததும் களரியை விட்டுவிடுவது அன்றைய வழக்கம். "நீ தொடர்ந்து கத்துக்கோ" என்று விட்டதும் அதே அப்பாதான். 17 வயதில் குருவையே மணந்தார். கணவர் மறைந்த பிறகு களரி அவர் பொறுப்புக்கு வந்தது. இரு மகன்கள், இரு மகள்கள், நால்வருமே களரி கற்றவர்கள்.

களரி இப்படிக் குடும்பங்களுக்குள் ஒடுங்கியதற்கு வரலாற்றுக் காரணமும் உண்டு. பழசிராஜாவின் கிளர்ச்சியை அடக்க, மலபாரில் ஆயுதம் வைத்திருக்கவே ஆங்கிலேயர் தடை போட்டார்கள். பழசிராஜா இறந்தது 1805-ல். நம் தீரன் சின்னமலையைச் சங்ககிரியில் தூக்கிலிட்டதும் அதே ஆண்டுதான். வாள் பிடித்தவர்களுக்குப் பாலக்காட்டுக் கணவாயின் இருபுறமும் ஒரே கதி. அதன்பின் கலை பிழைத்துக் கிடந்தது சில வீடுகளில்தான்.

களரி என்பது தரைமட்டத்துக்குக் கீழே தோண்டிய மண் களம். பாரம்பரிய அளவு 42 அடி நீளம், 21 அடி அகலம். தென்மேற்கு மூலையில் ஏழு படிகளுடன் பூத்தறை. வந்ததுமே வாளைக் கையில் கொடுத்துவிட மாட்டார்கள். முதலில் உடம்பைப் பழக்கும் மெய்ப்பயிற்சி, அடுத்து கம்பு, அதற்கப்புறம்தான் வாள், கேடயம், இடுப்பில் சுற்றும் உருமி. கடைசியில் வெறுங்கை. அடிக்கக் கற்றவருக்கு ஆற்றவும் தெரிய வேண்டும். வர்மம், எண்ணெய் உழிச்சல் எல்லாம் பாடத்தில் சேர்த்தி.

ஜூன் முதல் செப்டம்பர் வரை, மழைக்காலம்தான் பயிற்சிக் காலம். கோவையில் காலை ரயிலைப் பிடித்தால் பொழுது சாய்வதற்குள் வடகரை போய்விடலாம். அடுத்த மழைக்கு பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஒருமுறை போய்ப் பாருங்களேன். பாட்டி வயதில் ஒருவர் கம்பெடுத்து நிற்பதை அவர்கள் நேரில் பார்க்கட்டும்.