கின்சா தெருவில் நம்மூர்க் கட்டம்

ஏற்காட்டு மலையில் வாழவந்திப் பக்கம் காபித் தோட்ட வேலைக்குக் கட்டம்போட்ட லுங்கியோடு போகிறவரை யாரும் படமெடுப்பதில்லை. அந்தக் கட்டத்துக்கு ஒன்றுவிட்ட சொந்தம் ஒன்று 1964இல் டோக்கியோவின் கின்சாவில் போலீஸ் பார்வையில் பட்டது.

தமிழகத்துத் தறிகளிலிருந்து போன ‘மெட்ராஸ் செக்’ துணி அமெரிக்கக் கல்லூரி மாணவர்களிடம் எடுபட்டிருந்த காலம் அது. துவைத்தால் சாயம் போகும். அதையே பெருமையாக விளம்பரம் செய்து விற்றார்கள். (நம் ஜவுளிக்கடையில் சாயம் போனால் சண்டைதான்.) அந்த மாணவர் உடையை ஜப்பானுக்குக் கொண்டுவந்தவர் ‘வான்’ கம்பெனி முதலாளி இஷிசு கென்சுகே. தைத்து விற்றால் மட்டும் ஆகாது, உடுத்தவும் சொல்லித்தர வேண்டும் என்று புரிந்துவைத்திருந்தார். ‘மென்ஸ் கிளப்’ பத்திரிகை கைகொடுத்தது. தெருவில் போகும் பையன்களை நிறுத்திப் படமெடுத்துப் போட்டார்கள். மாடலும் இல்லை, ஸ்டுடியோவும் இல்லை.

1964இல் ‘ஹெய்பொன் பஞ்ச்’ வார இதழும் இதில் சேர்ந்துகொண்டது. அந்தக் கோடையில் கின்சாவின் மியுகி தெருவில் இளவட்டங்கள் கூடினார்கள். காலரில் பட்டன் வைத்த சட்டை, மெட்ராஸ் கட்டம், கணுக்காலுக்கு மேலே நிற்கும் பேண்ட், கையில் ‘வான்’ காகிதப் பை. பெண்பிள்ளைகளிடம் அரிசிச் சாக்கே பையாக இருந்தது. கடைக்காரர்கள் முகம் சுளித்தார்கள். அக்டோபரில் ஒலிம்பிக்ஸ், வெளிநாட்டார் வருவதற்குள் தெரு ‘ஒழுங்காக’ வேண்டாமா? செப்டம்பரில் போலீஸ் வந்து பிள்ளைகளை அள்ளிக்கொண்டு போனது.

பிறகு 1970இல் ‘அன்-ஆன்’, 1976இல் ‘பாப்பாய்’ என்று பத்திரிகைகள் வரிசைகட்டின. எனக்குப் பிடித்தது 1997இல் அவோகி ஷோயிச்சி தொடங்கிய ‘ஃப்ரூட்ஸ்’. டோக்கியோவின் ஹராஜுகு பகுதிப் பிள்ளைகளின் முழு உருவப் படம். பக்கத்தில் எந்தத் துணி எங்கே வாங்கியது என்ற குறிப்பு. கடைப்பெயர் வர வேண்டிய இடத்தில் சொந்தமாகத் தைத்தது என்றும் இருக்கும், பழந்துணிக் கடை என்றும் இருக்கும். படமெடுக்கத் தோதான பிள்ளைகள் இல்லை என்று சொல்லி 2017இல் அவரே நிறுத்திவிட்டார்.

துணி நம்முடையது, தறி நம்முடையது. உடுத்தியவனைப் பக்கத்தில் ஏற்றிய பத்திரிகை மட்டும் நம்முடையதில்லை. நம் பத்திரிகைகள் நடிகைகளின் சேலைக்கு ஒதுக்கும் இடத்தில் பாதி போதும். மே மாதம் ஏற்காடு கோடை விழாவுக்கு மலைக் கிராமங்களிலிருந்தும் சேலத்திலிருந்தும் வருகிறவர்களில் பத்துப் பேரைச் சம்மதம் கேட்டு நிறுத்துங்கள். உடுப்பு எங்கே எடுத்தது, யார் தைத்தது என்று விசாரித்துப் படத்தோடு போடுங்கள், ஆசிரியர்களே.