பத்துமலையிலிருந்து குவாலா காண்டா வரை: யானையை இடம் மாற்றினால் பயிர் தப்புமா?

தாம்பரம், குரோம்பேட்டை, பல்லாவரம் பகுதிகளிலிருந்து மலேசியா சென்று வருவோர் இன்று ஏராளம். மீனம்பாக்கத்தில் விமானம் ஏறினால் நான்கு மணி நேரத்தில் கோலாலம்பூரில் இறங்கிவிடலாம். மகனையோ மகளையோ பார்க்கப் போகும் கிராமத்துப் பெற்றோர், அங்கு இருக்கும் நாட்களில் ஒரு நாளைச் சுற்றுலாவுக்கு ஒதுக்குவது வழக்கம். சுற்றுலா நிறுவனங்கள் நடத்தும் ஒரு நாள் பயணங்களில் ஒன்று காலையில் பத்துமலைக் குகைக் கோயிலையும், மதியம் பகாங் மாநிலத்தில் குவாலா காண்டா என்னுமிடத்திலுள்ள தேசிய யானைப் பாதுகாப்பு மையத்தையும் காட்டி மாலையில் திரும்பக் கொண்டுவந்து விடுகிறது.

குகையும் யானையும் நம் பக்கத்தில் இல்லாதவை அல்ல. விமான நிலையத்துக்கு எதிரே திருசூலம் கோயிலின் விமானமே யானையின் பின்புறம் போல் வளைந்த தூங்கானை மாடம்தான். வண்டலூரில் 1985 முதல் அறிஞர் அண்ணா உயிரியல் பூங்கா இருக்கிறது. ஆனால் விவசாயிகள் கவனிக்க வேண்டிய சங்கதி ஒன்று இந்த மலேசியப் பயணத்தில் உண்டு. அதற்காகவே இக்கட்டுரை.

வௌவால் எருவும் துரியான் மரமும்

பத்துமலை, கோலாலம்பூருக்கு வடக்கே சுமார் 13 கிலோ மீட்டர் தொலைவில் உள்ள சுண்ணாம்புக்கல் குன்று. 1890ஆம் ஆண்டையொட்டி தம்புசாமிப் பிள்ளை அங்கு முருகனை எழுந்தருளச் செய்தார். 1892 முதல் தைப்பூசம் நடந்து வருகிறது. அடிவாரத்தில் 2006ஆம் ஆண்டு ஜனவரியில் திறக்கப்பட்ட முருகன் சிலையின் உயரம் 140 அடி. அதைச் செய்தவர் திருவாரூர் தியாகராஜன் ஸ்தபதி. அவர் கைவண்ணத்திலேயே சேலம் மாவட்டம் புத்திரகவுண்டம்பாளையத்தில் 2022இல் 146 அடிச் சிலை எழுந்ததால், இப்போது உயரத்தில் நம் ஊர் முருகன்தான் முந்தி நிற்கிறார். குகைக்கு ஏற 272 படிகள். முழங்கால் வலி உள்ளவர்கள் அவசரப்படாமல் ஏற வேண்டும். கையில் பையைத் தொங்கவிட்டால் குரங்குகள் பறித்துக்கொள்ளும்.

கோயில் வருவதற்கு முன்பே இந்தக் குகைகளுக்கு விவசாயத் தொடர்பு இருந்தது. 1860களில் அப்பகுதியில் காய்கறி பயிரிட்ட சீனர்கள் குகைக்குள் குவிந்திருந்த வௌவால் எச்சத்தை வெட்டியெடுத்துத் தோட்டங்களுக்கு எருவாக இட்டார்கள். தழைச்சத்தும் மணிச்சத்தும் நிறைந்த எரு அது. எருவைவிடப் பெரிய உதவியையும் அந்த வௌவால்கள் செய்கின்றன. தேன் குடிக்கும் ஒருவகைக் குகை வௌவால் இரவில் பல கிலோ மீட்டர் பறந்து சென்று துரியான் பூக்களில் தேனெடுக்கிறது. அப்போது மகரந்தம் மரம் விட்டு மரம் போகிறது. 1970களில் பத்துமலையில் நடந்த ஆய்வில் இந்த வௌவால்கள் 38 கிலோ மீட்டர் தொலைவிலுள்ள கடலோர மரங்கள் வரை இரை தேடிப் போவது தெரியவந்தது. குன்றைக் கல்லுக்காக உடைத்து வௌவாலை விரட்டினால், எங்கோ இருக்கும் துரியான் தோப்பில் காய் குறையும். நம் கிராமங்களில் ஆலமரத்து வௌவாலைப் பட்டாசு வைத்து விரட்டுவோர் இதைத் தெரிந்துகொள்வது நல்லது.

எண்ணெய்ப் பனைக் காட்டின் வழியே

பத்துமலையிலிருந்து கிழக்கே மலைச்சாலையில் சுமார் இரண்டு மணி நேரப் பயணம். லஞ்சாங் என்ற சிற்றூரை நெருங்க நெருங்க வழியெல்லாம் எண்ணெய்ப் பனையும் ரப்பரும்தான். 1956இல் நிறுவப்பட்ட ஃபெல்டா என்னும் அரசு நில மேம்பாட்டு நிறுவனம் நிலமற்ற குடும்பங்களைக் கொண்டுவந்து குடியேற்றியது. காட்டை அழித்து ரப்பரும் எண்ணெய்ப் பனையும் நட்டார்கள். அதுவரை அந்தத் தாழ்நிலக் காடுகளில் உலவிய யானைகளுக்குப் போக்கிடம் இல்லாமல் போயிற்று. இளம் எண்ணெய்ப் பனையின் குருத்து யானைக்கு மிகவும் பிடித்த தீனி. தென்னையைப் போலவே இதற்கும் வளரும் நுனி ஒன்றுதான். குருத்தை உருவிவிட்டால் கன்று பட்டுப்போகும். ஒரு கூட்டம் ஒரே இரவில் புகுந்து சென்றால் பல ஏக்கர் கன்றுகளைத் திரும்ப நட வேண்டியதுதான்.

ஆரம்பத்தில் யானைகளைச் சுட்டுக் கொன்றார்கள். அது நீடிக்கக் கூடிய வழியல்ல என்று உணர்ந்து, 1974இல் மலேசிய வனவிலங்குத் துறை யானைகளை உயிரோடு பிடித்து வேறு காட்டில் விடும் பணியைத் தொடங்கியது. அதற்குத் தேவையான பழக்கிய யானைகள் அசாமிலிருந்தும் தாய்லாந்திலிருந்தும் சென்றன. இந்தப் பணிக்குத் தளமாக 1989இல் குவாலா காண்டா மையம் அமைந்தது. தாயைப் பிரிந்த குட்டிகளும் கண்ணியில் சிக்கிக் காயம்பட்ட குட்டிகளும்கூட இங்கே வளர்க்கப்படுகின்றன.

வருபவர்களில் பலர் யானைக்குப் பழம் ஊட்டிப் படமெடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். முன்பு யானைமேல் ஏற்றிச் செல்வதும் உண்டு, பிறகு அது நிறுத்தப்பட்டது. நிறுத்தியது சரியே. உண்மையில் பார்க்க வேண்டியது, யானையைப் பிடித்து இடம் மாற்றுவதைப் பற்றி அங்கு காட்டும் படத்தைத்தான். மொழி புரியாவிட்டாலும் விவசாயிக்குக் காட்சி புரியும்.

பிடிக்கும் முறை

தோட்டத்தில் யானை புகுந்ததாகத் தகவல் வந்ததும் ஆட்கள் காலடியையும் சாணத்தையும் பார்த்துப் பின்தொடர்கிறார்கள். நெருங்கியதும் மயக்க ஊசி செலுத்தப்படுகிறது. யானை தள்ளாடி நின்றதும் காலில் சங்கிலியிட்டுப் பெருமரத்தில் பிணைக்கிறார்கள். பிறகு இரண்டு பழக்கிய யானைகள் இரு பக்கமும் அணைத்து நின்று, காட்டு யானையை லாரி வரை நடத்திக் கொண்டு வருகின்றன. நம் கும்கிகள் செய்யும் வேலையேதான். அங்கிருந்து தாமான் நெகாரா போன்ற பெருங்காடுகளுக்குப் பயணம். சில சமயம் கென்யிர் ஏரியைத் தெப்பத்தில் வைத்துக் கடத்துவதும் உண்டு. 1974 முதல் இவ்வாறு 600க்கும் மேற்பட்ட யானைகள் இடம் மாற்றப்பட்டுள்ளன.

இத்தனைக்குப் பிறகும் தோட்டங்களில் சேதம் ஓயவில்லை என்பதே விவசாயிகள் கவனிக்க வேண்டிய செய்தி. மலேசியத் தீபகற்பத்திலும் போர்னியோவிலும் 102 யானைகளுக்குச் செயற்கைக்கோள் கழுத்துப்பட்டை மாட்டிக் கண்காணித்த ஆய்வின் முடிவு 2023இல் வெளியாயிற்று. அவற்றில் பெரும்பாலானவை பாதிக்கும் மேற்பட்ட நேரத்தைப் பாதுகாக்கப்பட்ட காட்டுக்கு வெளியே கழித்தன. காரணம் எளிது. அடர்ந்த முதுகாட்டில் நிழல் அதிகம், தரையில் புல் குறைவு. காட்டு ஓரத்திலும் வெட்டி மீண்டும் தழைத்த இடத்திலும்தான் புல்லும் மூங்கிலும் இளந்தளிரும் மிகுதி. ஆகவே எவ்வளவு தூரம் கொண்டுபோய் விட்டாலும் ஓரத்தைத் தேடி யானை வருகிறது. ஒரு யானையை அகற்றினால் அந்த இடத்துக்கு வேறொன்று வருவதும் உண்டு.

நம் அனுபவமும் அதுவே

தமிழ்நாட்டில் இதைச் சொல்லி விளங்க வைக்க வேண்டியதில்லை. கோவை தடாகம் பகுதியில் 2019 ஜனவரியில் பிடிக்கப்பட்டு டாப்சிலிப் வரகளியாறு காட்டில் விடப்பட்ட சின்னத்தம்பி, சில நாட்களில் சுமார் 100 கிலோ மீட்டர் நடந்து உடுமலைப் பகுதிக் கரும்புத் தோட்டங்களில் வந்து நின்றது. பிப்ரவரியில் மீண்டும் பிடித்துக் கூண்டில் அடைத்துக் கும்கியாகப் பழக்கினார்கள். கேரளத்தின் சின்னக்கானலில் 2023 ஏப்ரலில் பிடித்துப் பெரியார் காட்டில் விட்ட அரிக்கொம்பன், அடுத்த மாதமே கம்பம் நகர வீதியில் ஓடியது. அதைத் திரும்பப் பிடித்துக் களக்காடு முண்டந்துறைக் காட்டில் விட வேண்டியதாயிற்று. கரும்பின் ருசி கண்ட யானைக்குக் காட்டு மூங்கில் இரண்டாம்பட்சம்தான். மிகவும் ஆபத்தான ஓரிரு யானைகளுக்கு வேறு வழியில்லாதபோது இடமாற்றம் தேவைப்படலாம். ஆனால் "பிடித்துக்கொண்டு போங்கள்" என்பதை மட்டும் நம்பி ஒரு கிராமம் பயிர் வைக்க முடியாது. 2024 கணக்கெடுப்பின்படி மாநிலத்தில் 3,063 யானைகள். அத்தனையையும் கொண்டுபோய் விட எந்தக் காடு இருக்கிறது?

மின்வேலியில் எச்சரிக்கை

மலேசியத் தோட்டங்களில் நிலைத்து நின்ற பாதுகாப்பு, துடிப்பு முறையில் இயங்கும் மின்வேலி. இதையும் வீட்டு மின்சாரத்தை நேரடியாகக் கம்பியில் இணைப்பதையும் விவசாயிகள் ஒன்றாகக் குழப்பிக்கொள்ளக் கூடாது. முறையான சூரிய மின்வேலியில் 12 வோல்ட் பேட்டரியிலிருந்து ஒரு கருவி வினாடிக்கு ஒரு முறை போல உயர் அழுத்தத் துடிப்பை அனுப்புகிறது. துடிப்பு கண் இமைக்கும் நேரத்தைவிட மிகக் குறுகியது. யானை அதிர்ச்சியுற்று விலகும், சாகாது. நேரடி மின்சாரமோ விடாமல் பாய்ந்து யானையையும் கொல்லும், மறுநாள் காலை மடை திறக்கப் போகும் விவசாயியையும் கொல்லும். தர்மபுரி மாவட்டம் மாரண்டஅள்ளி அருகே 2023 மார்ச்சில் இப்படிப்பட்ட வேலியில் மூன்று பெண் யானைகள் மாண்டன, இரண்டு குட்டிகள் அநாதையாயின. நில உரிமையாளர் கைதானார். வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி இதற்கு 3 முதல் 7 ஆண்டு வரை சிறை. யானையே இல்லாத செங்கற்பட்டு, காஞ்சிபுரம் பக்கத்தில்கூட எலிக்கும் பன்றிக்கும் இப்படிக் கம்பி கட்டும் துணிச்சல்காரர்கள் உண்டு. ஒரு மூட்டை நெல்லுக்கு ஓர் உயிரைப் பணயம் வைக்கும் வேலை இது.

2023இல் தமிழ்நாடு அரசு மின்வேலிகளைப் பதிவு செய்து ஒழுங்குபடுத்தும் விதிகளைக் கொண்டுவந்தது. காப்புக்காட்டை அடுத்த நிலங்களில் வேலி அமைப்பவர்கள் வனத்துறையிடம் அனுமதி பெற வேண்டும். இந்தியத் தர நிர்ணயத்துக்கு உட்பட்ட கருவியையே பொருத்த வேண்டும்.

வேலி போட்டால் மட்டும் போதாது. கம்பியில் கொடியும் களையும் தொட்டால் மின் துடிப்பு தரையில் இறங்கி வீணாகும், ஆகவே அடியில் இரண்டு முழ அகலத்துக்குச் சுத்தமாக வைக்க வேண்டும். கோடையில் மண் காய்ந்தால் நிலக்கம்பி வேலை செய்யாது, அதைச் சுற்றித் தண்ணீர் ஊற்றி ஈரம் காக்க வேண்டும். தந்தத்தில் மின்சாரம் பாயாது என்பதை ஆண் யானை சீக்கிரமே கற்றுக்கொள்ளும். தந்தத்தால் கம்பியை அறுக்கும், அல்லது மரத்தைச் சாய்த்துக் கம்பத்தை முறிக்கும். கம்பம் இல்லாமல் மேலிருந்து கம்பிகளைத் தொங்கவிடும் தொங்கு வேலி இதற்காகத்தான் வந்தது. தனித்தனியே இரண்டு ஏக்கருக்கு வேலி போடுவதால் யானை பக்கத்து வயலுக்குத் திரும்புமே தவிர ஊரை விட்டுப் போகாது. காட்டோர விவசாயிகள் சேர்ந்து ஒரே வேலியாக அமைத்து, முறை வைத்துக் களை எடுத்துப் பராமரித்தால் செலவும் குறையும், பயனும் கூடும். இதில் தவறுவது பெரும்பாலும் பணம் அல்ல, முறை வைத்தவர் வராமல் போவதுதான்.

தேனீயும் பயிர் மாற்றமும்

ஆப்பிரிக்காவில் கென்யா நாட்டில் கம்பியில் தேனீப் பெட்டிகளைக் கோத்து வயலைச் சுற்றிக் கட்டுகிறார்கள். யானை கம்பியைத் தொட்டால் பெட்டி ஆடும், தேனீ கிளம்பும். கர்நாடகத்தின் குடகிலும் 2021இல் கதர் கிராமத் தொழில் ஆணையம் இதைத் தொடங்கியது. தேன் விற்ற வருமானம் உபரி. ஆனால் மழையிலும் குளிரிலும் தேனீ சோம்பிக் கிடக்கும் என்பதால் இதை மட்டுமே நம்ப வேண்டாம். காட்டை ஒட்டிய முதல் வரிசை நிலத்தில் கரும்பு, வாழை, மக்காச்சோளம், பலா ஆகியவற்றைத் தவிர்த்து மிளகாய், மஞ்சள், இஞ்சி, எலுமிச்சை வைப்பது நல்லது. யானை இவற்றைத் தின்பதில்லை, மிதித்துச் செல்வது உண்டு.

சேதம் நேர்ந்தால் அன்றே வனச்சரகருக்கும் கிராம நிர்வாக அலுவலருக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும். காலடித் தடம் மறைவதற்குள் படம் எடுத்து, சிட்டா, அடங்கல் நகலுடன் மனுக் கொடுத்தால் இழப்பீடு பெறுவது எளிதாகும். பார்வையிட்டு முடிக்கும் முன் வயலை உழுதுவிடக் கூடாது.