இருதயக் குழாயில் சுண்ணாம்பு படிந்துவிட்டதா? உடைத்து வழிவிடும் அதிர்வலைச் சிகிச்சை

ஆஞ்சியோகிராம் முடிந்த பிறகு, “அடைப்பில் சுண்ணாம்பு படிந்து கல்லாகி இருக்கிறது, சாதாரண பலூன் விரியாது” என்று டாக்டர் சொன்னால் பல குடும்பங்கள் இடிந்து போகின்றன. இனி பைபாஸ்தான் என்று பயந்து, அடுத்த தேதிக்குப் போகாமல் வீட்டிலேயே இருந்துவிடுவோரும் உண்டு. இப்படிப்பட்டவர்களில் பலருக்கு உதவக்கூடியதுதான் அதிர்வலைச் சிகிச்சை. மருத்துவமனையில் இதைச் சுருக்கமாக ஐ.வி.எல். என்பார்கள்.

நம்மவர்களுக்கு இது தூரத்துச் செய்தியல்ல. 2019 தேசிய சுகாதார ஆய்வின்படி, மலேசிய இந்தியப் பெரியவர்களில் 31.4 விழுக்காட்டினருக்கு நீரிழிவு. மூன்று பெரிய இனங்களில் இதுவே ஆக அதிகம். பல வருட இனிப்பு நீர், சிறுநீரகக் கோளாறு, சிகரெட், முதுமை எல்லாம் சேர்ந்து ரத்தக் குழாயின் சுவரில் கால்சியம் படியக் காரணமாகின்றன. வெற்றிலையில் தடவும் சுண்ணாம்போ குடிக்கும் பாலோ நேராகப் போய் அங்கே ஒட்டிக்கொள்வதில்லை. கொழுப்பு சேர்ந்து அழற்சி கண்ட இடத்தில் உடலே கால்சியத்தைக் கொண்டு வந்து படிய வைக்கிறது. (வெற்றிலை பாக்கை விடச் சொல்வதற்கு வாய்ப் புற்றுநோய் என்ற வேறு வலுவான காரணம் இருக்கிறது.)

இருதயக் குழாயைப் பலூனால் விரிக்கும் முறையை 1977இல் சுவிட்சர்லாந்தின் சூரிக் நகரில் டாக்டர் குருன்ட்சிக் முதன்முதலில் செய்தார். கொழுப்பு அடைப்பு என்றால் பலூன் அழுத்தும்போது நசுங்கி வழிவிடும். சுண்ணாம்பு நசுங்காது. கூடுதல் அழுத்தம் கொடுத்தால் குழாயே கிழியலாம். பாதி விரிந்த நிலையில் ஸ்டெண்ட் வைத்தாலோ அதற்குள் ரத்தம் உறைந்து மீண்டும் அடைத்துக்கொள்ளும் ஆபத்து கூடுகிறது. வைரத் துகள் பதித்த சிறு முனையைச் சுழலவிட்டுச் சுண்ணாம்பைத் தேய்த்தெடுக்கும் முறை பல வருடங்களாக இருக்கிறது. இன்றும் சிலருக்கு அதுதான் தேவைப்படுகிறது. ஆனால் அது குழாயின் உட்புறத்தை மட்டுமே தேய்க்கும். சுவரின் ஆழத்தில் இருக்கும் படிவை எட்டாது.

சிறுநீரகக் கல்லை அதிர்வலையால் உடைக்கும் சிகிச்சை 1980இல் ஜெர்மனியின் மியூனிக் நகரில் மனிதருக்கு முதலில் அளிக்கப்பட்டது. அதே யோசனையைச் சிறிதாக்கி ரத்தக் குழாய்க்குள் கொண்டு போனதே ஐ.வி.எல். மணிக்கட்டு அல்லது தொடை வழியாக மெல்லிய கம்பியின் மேல் 12 மில்லிமீட்டர் நீளப் பலூனை அடைப்புக்குள் செலுத்துகிறார்கள். உப்புநீரும் எக்ஸ்ரேயில் தெரியும் மருந்தும் கலந்த திரவத்தால் அதை மெதுவாக, குறைந்த அழுத்தத்தில் நிரப்புகிறார்கள். உள்ளே நொடிக்கு ஒரு மின்பொறி. ஒவ்வொரு பொறியும் திரவத்தில் ஒரு குமிழியை உண்டாக்க, அதிலிருந்து அதிர்வலை கிளம்புகிறது. நீர்ப்பதமான மென்மையான சதையை அது அவ்வளவாகப் பாதிக்காமல் கடந்து போகும். கெட்டியான சுண்ணாம்பில் மோதி விரிசல் விழச் செய்யும். 10 அதிர்வுகளுக்குப் பிறகு பலூனைச் சுருக்கி ரத்தம் ஓடவிட்டு, தேவையானால் மீண்டும் தொடங்குவார்கள்.

உடைந்த சுண்ணாம்பு எங்கே போகும் என்பது பலரின் கேள்வி. பெரும்பாலும் எங்கும் போவதில்லை. விரிசல் விட்டபடி சுவருக்குள்ளேயே இருக்கும். குழாய் வளைந்து கொடுக்கும் நிலைக்கு வந்துவிடுவதால் ஸ்டெண்ட் நன்றாக விரிகிறது.

அமெரிக்கா, பிரிட்டன், பிரான்ஸ், ஜெர்மனி ஆகிய நாடுகளில் நடந்த ஓர் ஆய்வில், சிகிச்சை பெற்றவர்களில் 92.2 விழுக்காட்டினர் 30 நாள் வரை மாரடைப்பு, இருதய மரணம், அதே குழாயில் மறுசிகிச்சை எதுவும் இன்றி இருந்தார்கள். அதன் பிறகு 2021 பிப்ரவரியில் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் அனுமதி தந்தது. ஆனால் அந்த ஆய்வு இதை வேறு முறையோடு நேருக்கு நேர் ஒப்பிட்டுப் பார்த்ததல்ல. ஆபத்தே இல்லாத சிகிச்சையும் அல்ல. அதிர்வின்போது இருதயத் துடிப்பு சற்று மாறலாம். பலூன் விரிந்திருக்கும் நொடிகளில் நெஞ்சு வலிக்கலாம். அரிதாகக் குழாய் கிழியலாம். பல குழாய்களில் அடைப்பு உள்ள இனிப்பு நீர் நோயாளிக்குப் பைபாஸே நல்லது என்று டாக்டர் சொன்னால், அதைத் தட்டிக் கழிக்க ஐ.வி.எல்.லைக் காரணம் காட்டக்கூடாது.

இன்னொரு குழப்பமும் உண்டு. நெஞ்சின் மேல் கருவியை வைத்து அதிர்வலை கொடுப்பது வேறு சிகிச்சை. அது குழாய்க்குள் படிந்த சுண்ணாம்பை உடைப்பதில்லை. ‘ஊசியில்லாமல் அடைப்பைக் கரைக்கிறோம்’ என்று யாராவது விளம்பரம் செய்தால், பணம் கட்டும் முன் உங்கள் இருதய நிபுணரிடம் கேளுங்கள்.

இந்தப் பலூனை ஒரு நோயாளிக்கு மட்டுமே பயன்படுத்த முடியும் என்பதால் செலவு கூடும். மருத்துவக் காப்புறுதியோ முதலாளி தரும் உத்தரவாதக் கடிதமோ இதை ஏற்குமா என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். ஸ்டெண்ட் வைத்த பின் தரும் ரத்தம் உறையாமைக்கான இரண்டு மாத்திரைகளை, பல் பிடுங்கவோ வேறு அறுவைச் சிகிச்சைக்கோ போனாலும், இருதய டாக்டரைக் கேட்காமல் ஒரு நாள்கூட நிறுத்த வேண்டாம்.