தள்ளுபடியாகும் புகாரும் திறந்திருக்கும் வாசலும்

தேனி மாவட்டம் ராயப்பன்பட்டியில் ஒரு திராட்சை விவசாயியின் காப்பீட்டுப் பணம் மறுக்கப்பட்டால், அதிகாரிகள்மீது மோசடிப் புகார் கொடுக்கத் தோன்றுவது இயல்புதான். ஆனால் பணம் தர மறுத்தது மட்டுமே குற்றமாகிவிடாது. ஒப்பந்தம் போட்டபோதே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும் என்று ஹிருதய ரஞ்சன் பிரசாத் வர்மா வழக்கில் 2000-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. பாலிசி விற்றவர் ஒருவர், கோரிக்கையை நிராகரித்தவர் இன்னொருவர். தலைமை அலுவலக இயக்குநருக்கு இரண்டுமே தெரிந்திருக்காது. பதவியில் இருப்பதாலேயே இயக்குநர்மீது தண்டனைச் சட்டக் குற்றம் சுமத்த முடியாது என்பது 2007-இல் மக்சூத் சையத் வழக்கின் தீர்ப்பு. இத்தகைய புகார்களை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ரத்து செய்வதற்கு இவையே அடிப்படை.

கைது பயம் இருந்தால்தானே பணம் வரும் என்பார்கள். வேதனை நியாயமானது; வழி நியாயமானதல்ல. புகாரை எதிர்த்து அதிகாரிகள் போடும் ரத்து மனு முடிவதற்குள் ஆண்டுகள் ஓடும், நுகர்வோர் ஆணையத்துக்கான 2 ஆண்டுக் கெடுவும் கழிந்துவிடும். அதுதான் பெரிய இழப்பு. தேனி மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில், செலுத்திய பிரீமியம் 5 லட்சத்துக்குள் என்றால் கட்டணமே இல்லை. சென்னையிலுள்ள காப்பீட்டுக் குறைதீர்ப்பாளரிடமும் இலவசமாக முறையிடலாம். கையெழுத்தைப் போலியாகப் போட்டாலோ, பிரீமியத்தை முகவர் சுருட்டினாலோ கதை வேறு: அங்கே குற்றப் புகார் அவசியம், செய்தவரின் பெயரோடும் ரசீதோடும்.