காதல் கதையின் பழைய வார்ப்புகளும் நமது எழுத்தும்



பார்த்ததும் காதல், பெற்றோர் எதிர்ப்பு, ஊரைவிட்டு ஓடுதல் ஆகியவை தேய்ந்துபோன வார்ப்புகள், அவற்றைத் தொடலாமா என்று எழுத வரும் இளையவர்கள் கேட்கிறார்கள். தொடலாம். களவு, உடன்போக்கு, அறத்தொடு நிற்றல் எனச் சங்கக் கவிதையும் வகுத்துவைத்த துறைகளில்தான் காதலைப் பாடியது. வார்ப்பு குற்றமல்ல. அது யாருடைய சாவை இயல்பாக்குகிறது என்பதே கேள்வி.

1997இல் வந்த 'பாரதி கண்ணம்மா'வில் பண்ணையார் மகள் இறக்க, அவள் சிதையில் பாய்ந்து தலித் நாயகனும் சாகிறான். 2004இல் வந்த 'காதல்' படத்தில், வசதியான வீட்டுப் பெண்ணோடு ஓடிய மெக்கானிக் அடிபட்டுப் புத்தி பேதலித்துத் தெருவில் திரிகிறான். நாம் அழுதோம். அந்த அழுகைக்குள் சாதி விதியாகிவிடுகிறது. விதியை யாரும் குற்றக் கூண்டில் ஏற்றுவதில்லை.

2018இல் வந்த 'பரியேறும் பெருமாள்' ஏறக்குறைய அதே வார்ப்பைத்தான் எடுத்தது. ஆனால் நாயகன் சாகவில்லை. பெண்ணின் தந்தையிடம் நேருக்கு நேர் பேசுகிறான். கடைசியில் மிஞ்சுவது அருகருகே இரண்டு தேநீர்க் குவளைகள். சிதை இருந்த இடத்தில் கேள்வி வந்து உட்கார்கிறது.

வார்ப்பை உடைப்பது விவரம். காதலர்கள் ஓடிவிட்டார்கள் என்று ஒரே வரியில் முடிக்காதீர்கள். 1954ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டப்படி, மணம் செய்யப்போகும் செய்தியைப் பதிவு அலுவலகத்தில் ஒட்டுவார்கள். ஆட்சேபம் தெரிவிக்க 30 நாள். அந்த 30 நாளும் இருவரும் யார் வீட்டில் சாப்பிடுவார்கள்? அந்தப் பலகையை யார் வந்து படிப்பார்கள்? உங்கள் கதை அங்கேதான் இருக்கிறது. இன்னொன்று: இந்தப் படங்களில் காதலிக்கும் தலித், ஆண்தான். தலித் பெண்ணின் விருப்பத்தை மையத்தில் வையுங்கள். பழைய வார்ப்பும் வேறு கதை சொல்லும்.

2012 நவம்பர் 7 அன்று தருமபுரியில் ஒரு சாதி மறுப்பு மணத்தைச் சாக்காக்கி நத்தம் காலனி உள்ளிட்ட மூன்று குடியிருப்புகளைக் கொளுத்தினார்கள். மணந்தது இருவர்; எரிந்தது மூன்று சேரிகள். ஆகவே நமது காதல் கதையில் சேரி முழுவதும் பாத்திரம்.

1936இல் அம்பேத்கர் எழுதி, பேச முடியாமல் போன 'சாதி ஒழிப்பு' உரை, கலப்பு மணத்தைச் சாதிக்கு உண்மையான மருந்து என்றது. மருந்தைச் சாவாகவே எழுதிக்கொண்டிருந்தால் யார் அருந்துவார்? காதலர்களை வாழவையுங்கள், வாழ்வதற்கு அவர்கள் கொடுக்கும் விலையையும் மறைக்காமல் எழுதுங்கள்.

ஜெய்பீம்.